மின்சார ஸ்கூட்டருக்கு மாநில அரசு 30,000 ரூபாய் தருகிறதா?

மாவுக்காரம்மா, திருவானைக்காவல்
23 செப்டம்பர் 2025, இரவு 9.40

எல்லோருக்கும் வணக்கம். ஆயுத பூஜைக்குள் ஒரு மின்சார ஸ்கூட்டர் வாங்கிவிட வேண்டும் என்று இருக்கிறேன். அரசு மானியம் பற்றி ஆளுக்கு ஒன்று சொல்கிறார்கள். விவரம் தெரிந்தவர்கள் சொன்னால் நல்லது.

வீட்டில் இட்லி மாவு அரைத்துக் கடைகளுக்குப் போடுகிறேன். மொத்தம் 18 கடைகள். காலை நாலரைக்குப் புறப்பட்டு, காவிரிப் பாலம் தாண்டி, சத்திரம், உறையூர், தில்லைநகர் எல்லாம் முடித்து ஏழரைக்குள் வீடு திரும்பியாக வேண்டும். வெயில் ஏறினால் பாக்கெட் உப்பிவிடும். கடைக்காரர் விரலால் ஒரு அழுத்து அழுத்திப் பார்த்துவிட்டு, "புளித்துவிட்டதும்மா" என்று திருப்பிக் கொடுத்துவிடுவார். ஒரு நடைக்கு 40 கிலோ: கால் வைக்கும் இடத்தில் ஒரு டிரே, பின்னால் ஒரு டிரே. இப்போது ஓட்டுவது 13 வருடத்து மொபெட். பெட்ரோலுக்கே நாளுக்கு 90 ரூபாய் போகிறது. பாலத்தில் ஏறும்போது அது முனகுகிற முனகலைக் கேட்டால், இறங்கித் தள்ளிக்கொண்டே போய்விடலாமா என்று தோன்றும்.

நேற்று ஒரு ஷோரூமில் கொட்டேஷன் வாங்கினேன். பேட்டரியின் கொள்ளளவு 3 கிலோவாட் மணி. தாளில் இருப்பதை அப்படியே எழுதுகிறேன்.

எக்ஸ்-ஷோரூம் விலை 1,14,000
மத்திய அரசு மானியம் கழிவு 5,000
ஆர்.டி.ஓ. செலவு 13,080
காப்பீடு 6,900
ஹேண்ட்லிங் 2,500
ஹெல்மெட், மேட், மற்றவை 3,200
மொத்தம் 1,34,680

"பயப்படாதீர்கள் அக்கா, மாநில அரசு மானியம் 30,000 ரூபாய் 45 நாளில் உங்கள் வங்கிக் கணக்குக்கு வந்துவிடும். கழித்துப் பார்த்தால் 1,04,680 தான்" என்று அங்கிருந்த தம்பி சொன்னார். தாளின் அடியில் பேனாவால் எழுதியும் கொடுத்தார். என் சீட்டுப் பணம் 60,000 கையில் இருக்கிறது. மீதியை மகளிர் குழுவில் கடன் வாங்க வேண்டும். அந்த 30,000 வந்தால் குழுவுக்கு உடனே பாதியைக் கட்டிவிடலாம் என்று மனக்கணக்கு.

என் கேள்விகள். அந்த 30,000 உண்மைதானா, அதற்கு எங்கே விண்ணப்பம் போட வேண்டும்? பெண்களுக்கு ஸ்கூட்டர் பாதி விலைக்குத் தருகிறார்கள் என்று எதிர்வீட்டில் சொல்கிறார்கள், அது இன்னும் உண்டா? லைசென்ஸே வேண்டாத மின்சார ஸ்கூட்டர் 65,000-க்குக் கிடைக்கிறதாம், அதை வாங்கினால் மானியம் உண்டா? வண்டியை என் வீட்டுக்காரர் பெயரில் எடுக்கலாம் என்று இருக்கிறோம். அதில் ஏதாவது சிக்கல் வருமா?


டெலிவரி தம்பி, சென்னை
23 செப்டம்பர் 2025, இரவு 11.05

அக்கா, எனக்குத் தெரிந்து தமிழக அரசு ஸ்கூட்டருக்குப் பணமாகத் தருவதாக அறிவித்தது எங்களைப் போல ஆப் வழியாக உணவு, பொருள் கொண்டுபோகிறவர்களுக்குத்தான். இந்த மார்ச் 14 பட்ஜெட்டில் சொன்னார்கள்: 2,000 பேருக்குத் தலா 20,000 ரூபாய். புது மின்சார ஸ்கூட்டராக இருக்க வேண்டும், இணையம் சார்ந்த கிக் தொழிலாளர் நல வாரியத்தில் பதிந்திருக்க வேண்டும். நான் பதிந்துவிட்டுக் காத்திருக்கிறேன். சொந்த மாவு, சொந்தக் கடைகள் என்றால் நீங்கள் இதற்குள் வர மாட்டீர்கள். 30,000 என்று நான் கேள்விப்பட்டதே இல்லை.


ஓய்வுபெற்ற கணக்குப்பிள்ளை, தஞ்சாவூர்
24 செப்டம்பர் 2025, காலை 6.15

அம்மா, இருசக்கர வாகனக் கடையில் 22 வருடம் பில் எழுதியவன் நான். உங்கள் கொட்டேஷனைப் படித்தவுடன் தூக்கம் போய்விட்டது, அதனால்தான் இந்த நேரத்துக்கு எழுதுகிறேன்.

முதலில் அந்த 30,000. தமிழ்நாட்டில் சொந்த உபயோகத்துக்கு மின்சார ஸ்கூட்டர் வாங்குகிறவருக்கு மாநில அரசு வங்கிக் கணக்கில் பணம் போடுவது கிடையாது. அந்த எண் எங்கிருந்து வந்தது என்று ஊகிக்கிறேன். தில்லி அரசு 2020 ஆகஸ்டில் ஒரு மின்வாகனக் கொள்கை கொண்டுவந்தது. பேட்டரியின் ஒவ்வொரு கிலோவாட் மணிக்கும் 5,000, இருசக்கர வண்டிக்கு அதிகபட்சம் 30,000 என்று அதில் இருந்தது. தில்லியில் வாங்கி, தில்லியில் பதிந்த வண்டிக்குத்தான். அதை யாரோ காணொளியாகப் போட, அது வாட்ஸ்அப்பில் சுற்றிச் சுற்றிக் காவிரிக் கரைக்கு வந்து சேர்ந்திருக்கிறது. நம் மாநிலத்தின் 2023 கொள்கையிலும் ஊக்கத்தொகை பற்றிய பேச்சு உண்டு, ஆனால் அது வணிக வாகனங்களுக்கு. பச்சைப் பலகையில் மஞ்சள் எழுத்து இருந்தால் வணிக வண்டி, வெள்ளை எழுத்து இருந்தால் சொந்த வண்டி. நீங்கள் எடுக்கப்போவது வெள்ளை எழுத்து.

அந்தத் தம்பி பேனாவால் எழுதிக் கொடுத்தார் என்கிறீர்களே, அதைக் கொஞ்சம் யோசியுங்கள். அச்சில் இருப்பதற்குக் கடை பொறுப்பு. பேனாவில் இருப்பதற்கு 45 நாள் கழித்து, "அந்தப் பையன் வேலையை விட்டுப் போய்விட்டானே" என்பார்கள். முதலாளி சொன்னார் என்று நானும் ஒரு காலத்தில் இப்படி அடியில் எழுதிக் கொடுத்திருக்கிறேன். அது வேறு சலுகை, வேறு வண்டி. ஆறு மாதம் கழித்து ஒரு பெரியவர் அந்தத் தாளை நான்காக மடித்துக்கொண்டு வந்து என் மேஜை முன்னால் நின்றது இன்றைக்கும் கண்ணில் இருக்கிறது.

இனி முக்கியமான இடத்துக்கு வருகிறேன். ஆர்.டி.ஓ. செலவு 13,080 என்று போட்டிருக்கிறார்கள் அல்லவா? 1,14,000-இல் 5,000 போனால் 1,09,000. அதில் 12 விழுக்காடு எவ்வளவு என்று கைக்கணக்குப் போடுங்கள். அச்சு அசலாக 13,080.

தமிழ்நாட்டில் 2023 நவம்பர் முதல் புது இருசக்கர வாகனத்துக்கு வாழ்நாள் வரி 1 லட்சம் ரூபாய் விலை வரை 10 விழுக்காடு, அதற்கு மேல் 12 விழுக்காடு. அது பெட்ரோல் வண்டிக்கு. பேட்டரியில் ஓடும் வண்டிகளுக்கு அந்த வரியை மாநில அரசு முழுக்கத் தள்ளுபடி செய்திருக்கிறது. 2020 நவம்பரில் ஆரம்பித்து 2022 டிசம்பர் வரை என்றார்கள், பிறகு 2025 டிசம்பர் 31 வரை நீட்டினார்கள். பதிவுக் கட்டணமும் கிடையாது. அது மத்திய அரசு 2021 ஆகஸ்டில் கொடுத்த விலக்கு. ஆக, நம் மாநில அரசு உங்களுக்குத் தரும் சலுகை அந்த 13,080 தான். அது உங்கள் கணக்குக்கு வராது, உங்களிடம் கேட்கவே கூடாத பணம். அதை 'ஆர்.டி.ஓ. செலவு' என்று பெயர் மாற்றி உங்களிடமே வசூலிக்கப் பார்க்கிறார்கள். இல்லாத 30,000-ஐக் காட்டியதால் இருக்கிற 13,080 உங்கள் கண்ணில் படவில்லை.

ஆர்.டி.ஓ. கணக்கில் நியாயமாக என்ன வரும்? பதிவுச் சான்று அட்டை, அஞ்சல், சேவைக் கட்டணம் என்று சில நூறு ரூபாய். வண்டியை அடமானம் வைத்துக் கடன் வாங்கினால், அதைச் சான்றில் ஏற்ற 500. நீங்கள் மகளிர் குழுவில் வாங்குவதால் அதுவும் இல்லை. எண் பலகைக்குத் தனிப் பணம் கேட்டால் கொடுக்காதீர்கள், புது வண்டிகளுக்கு அது விலையிலேயே அடக்கம். வண்டியோடு ஒரு ஹெல்மெட் கொடுக்க வேண்டும் என்றும் விதி இருக்கிறது. ஹேண்ட்லிங் என்பது வண்டியைக் குடோனிலிருந்து கடைக்கு உருட்டி வந்த கூலி. அது உங்கள் தலையில் வருவதற்கு ஒரு நியாயமும் இல்லை.

காப்பீட்டை அவர்களிடமே எடுக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. மின்வண்டிக்கு மூன்றாம் நபர் காப்பீட்டில் 15 விழுக்காடு குறைவு உண்டு. உங்கள் வண்டியின் மோட்டார் 3 கிலோவாட்டுக்கு மேல் 7-க்குள் இருந்தால் 5 வருடத்துக்கு 3,273, அதன் மேல் ஜி.எஸ்.டி. இதைத் தெரிந்துகொண்டு வெளியே இரண்டு பேரிடம் விலை கேளுங்கள்.

மத்திய அரசு மானியம் 5,000 சரிதான். பி.எம். இ-டிரைவ் திட்டத்தில் போன நிதியாண்டில் கிலோவாட் மணிக்கு 5,000, உச்சம் 10,000. இந்த ஏப்ரல் முதல் எல்லாம் பாதி: 2,500, உச்சம் 5,000. உங்கள் 3 கிலோவாட் மணிக்குக் கணக்குப்படி 7,500 வரும், ஆனால் உச்சவரம்பு 5,000-இல் நிறுத்திவிடும். இதற்கும் நீங்கள் எங்கும் விண்ணப்பிக்க வேண்டாம், விலையில் கழித்துத்தான் பில் போடுவார்கள். ஆனால் ஆதார் சரிபார்ப்பு நடக்கும், செல்பேசிக்கு மின்வவுச்சர் வரும், அதில் நீங்கள் கையெழுத்திட வேண்டும், உங்கள் படத்தையும் ஏற்றுவார்கள். பில்லில் அந்த 5,000 தனி வரியாகக் கழிந்திருக்கிறதா என்று பாருங்கள்.

பாதி விலை ஸ்கூட்டர் 2018-இல் வந்த அம்மா இருசக்கர வாகனத் திட்டம். வேலைக்குப் போகும் பெண்களுக்கு விலையில் பாதி, அதிகபட்சம் 25,000. அது நின்றுபோய்ச் சில வருடம் ஆகிறது.

லைசென்ஸ் வேண்டாத வண்டி என்றால் மணிக்கு 25 கிலோமீட்டருக்கு மேல் போகக் கூடாது, மோட்டார் 250 வாட்டுக்குள் இருக்க வேண்டும். அதற்குப் பதிவே கிடையாது. பதிவு இல்லாத வண்டிக்கு மானியமும் இல்லை. அது போகட்டும், 40 கிலோ மாவோடு காவிரிப் பாலத்தில் அது உங்களை ஏற்றிச் செல்லாது. நீங்கள்தான் அதை ஏற்றிச் செல்வீர்கள்.


கோவைக் கார்க்காரன்
24 செப்டம்பர் 2025, காலை 10.20

கணக்குப்பிள்ளை ஐயா சொல்வது காருக்கு இன்னும் பெரிதாகத் தெரியும். சொந்த உபயோகக் காருக்கு மத்திய அரசு மானியம் ஒரு ரூபாய்கூட இல்லை. ஆனால் 15 லட்சம் ரூபாய்ப் பெட்ரோல் காருக்கு இங்கே வரி 18 விழுக்காடு, அதாவது 2,70,000. மின்சாரக் கார் என்றால் சுழியம். என் மைத்துனர் பாலக்காட்டில் இருக்கிறார். கேரளத்தில் இந்த ஏப்ரல் முதல் 15 லட்சம் வரையிலான மின்காருக்கு 5 விழுக்காடு வரி, அதற்கு மேல் 8, 10 என்று ஏறுகிறது. வாளையாறுக்கு இந்தப் பக்கம் ஒரு கணக்கு, அந்தப் பக்கம் ஒரு கணக்கு. நான் பில் போட்டபோது எனக்கும் 'பதிவுச் செலவு' என்று 9,000 எழுதினார்கள். எதற்கு என்று ஒரு முறைதான் கேட்டேன், 1,100 ஆகிவிட்டது.


பெட்ரோல் பக்தன், மதுரை
24 செப்டம்பர் 2025, பகல் 1.30

எல்லோரும் மின்சாரம் மின்சாரம் என்கிறீர்கள். முந்தாநாள் முதல் 350 சி.சி. வரையிலான வண்டிகளுக்கு ஜி.எஸ்.டி. 28-லிருந்து 18-க்கு வந்துவிட்டது, பார்த்தீர்களா? 90,000 ரூபாய் ஸ்கூட்டர் 83,000 ஆகிவிட்டது. மானியம், வவுச்சர், ஆதார் என்ற எந்தத் தலைவலியும் இல்லை. அம்மா பெட்ரோலிலேயே புது வண்டி எடுத்துக்கொள்ளலாம்.


ஓய்வுபெற்ற கணக்குப்பிள்ளை, தஞ்சாவூர்
24 செப்டம்பர் 2025, பகல் 2.10

83,000-க்கு 10 விழுக்காடு வாழ்நாள் வரி 8,300. குறைந்த 7,000 அதிலேயே போயிற்று. மின்வண்டிக்கு 2019 ஆகஸ்டிலிருந்தே ஜி.எஸ்.டி. 5 தான். அந்த அம்மா பெட்ரோலுக்கு நாளுக்கு 90 ரூபாய் கொடுக்கிறார். மாதம் இரண்டு நாள் கடை விடுமுறை என்று வைத்தாலும் 2,500. குழுக் கடனின் தவணையை அதிலேயே கட்டலாம். தம்பி மதுரையில் எதை வேண்டுமானாலும் ஓட்டட்டும்.


மாவுக்காரம்மா, திருவானைக்காவல்
24 செப்டம்பர் 2025, இரவு 9.15

ஐயா, உங்களுக்கு எப்படி நன்றி சொல்வது என்று தெரியவில்லை. கால்குலேட்டரில் மூன்று முறை போட்டுப் பார்த்தேன், மூன்று முறையும் 13,080. வயிறு எரிந்தது.

பெயர் விஷயம் மட்டும் விட்டுவிட்டீர்கள். போன நவம்பரில் என் மகன் கல்லூரிக்குப் போக ஒரு மின்சார ஸ்கூட்டர் எடுத்தோம், அதுவும் வீட்டுக்காரர் பெயரில்தான். எங்கள் வீட்டில் எது வாங்கினாலும் அவர் பெயரில் வாங்குவது பழக்கம். இதையும் அப்படியே எடுக்கலாமா?


ஓய்வுபெற்ற கணக்குப்பிள்ளை, தஞ்சாவூர்
24 செப்டம்பர் 2025, இரவு 9.50

வேண்டாம் அம்மா. ஒரு ஆதாருக்கு ஒரு இருசக்கர வண்டி என்பது மத்திய அரசு மானியத் திட்டத்தின் விதி. போன நவம்பர் என்றால் அதே பி.எம். இ-டிரைவில்தான் எடுத்திருப்பீர்கள். அவர் ஆதார் அதில் ஏற்கெனவே ஏறிவிட்டது. மறுபடி அவர் பெயரில் போட்டால் 5,000 போய்விடும். உங்கள் பெயரில் எடுங்கள். ஓட்டுவது நீங்கள், சம்பாதிப்பது நீங்கள், கடனும் உங்கள் குழுவில், பிறகு பதிவுச் சான்றில் மட்டும் எதற்கு அவர்?

இரண்டு விஷயத்தை இன்றைக்கே பாருங்கள். ஆதாரில் இருக்கும் செல்பேசி எண் உங்கள் கையில் இருக்கும் எண்தானா? ஆதாரில் உங்கள் இனிஷியல் எப்படி இருக்கிறதோ அப்படியே பில்லிலும் இருக்க வேண்டும். நம் ஊர் இனிஷியல் முன்னால் வரும், பின்னால் வரும், அப்பா பெயராக விரியும், கல்யாணத்துக்குப் பிறகு மாறும். கணினிக்கு இந்தக் குடும்பக் கதையெல்லாம் புரியாது.

இன்னொன்று. வரி விலக்கு டிசம்பர் 31 வரை என்றால் முன்பணம் கட்டும் நாள் கணக்கில்லை, வண்டி பதிவாகும் நாள்தான் கணக்கு. உங்களுக்கு இன்னும் நேரம் இருக்கிறது. பூஜைக்குள் வேண்டும் என்று அவசரப்பட்டால் அந்த அவசரத்துக்கும் கடைக்காரர் ஒரு விலை போடுவார்.


மாவுக்காரம்மா, திருவானைக்காவல்
3 அக்டோபர் 2025, காலை 11.00

ஐயா, எல்லோரும் கேட்பதால் நடந்ததை எழுதுகிறேன்.

வியாழக்கிழமை அதே கடைக்குப் போனேன். கொட்டேஷனை மேஜையில் வைத்து, ஆர்.டி.ஓ. செலவு வரியின் மேல் விரலை வைத்து, "இது 12 விழுக்காடு வரியா?" என்று மட்டும் கேட்டேன். அந்தத் தம்பி கொஞ்ச நேரம் தாளைப் பார்த்தார், பிறகு உள்ளே போனார். திரும்பி வந்தபோது மேலாளரும் கூட வந்தார். "சிஸ்டத்தில் பெட்ரோல் வண்டி ஃபார்மட் வந்துவிட்டதம்மா" என்றார். இருக்கட்டும். 13,080 இருந்த இடத்தில் 620 வந்தது. ஹேண்ட்லிங் போயிற்று. ஹெல்மெட் வண்டியோடு. மேட்டுக்கு மட்டும் 400 கொடுக்கிறேன், டிரே வழுக்காமல் இருக்க அது வேண்டும். காப்பீடு எங்கள் தெரு முகவரிடம் 5,900-க்கு எடுத்தேன். எல்லாம் சேர்த்து 1,15,920. புதுத் தாள் வாங்கிக்கொண்டேன், எல்லாம் அச்சில். பேனாவால் எழுதிய பழைய தாளையும் திருப்பிக் கொடுக்கவில்லை.

நீங்கள் பயந்தது போலவே ஆதாரில் மாட்டிக்கொண்டேன். அதில் இருந்தது என் மகன் பள்ளியில் படித்தபோது வைத்திருந்த எண். அந்தச் சிம் எப்போதோ செத்துவிட்டது. தபால் அலுவலகத்தில் மாற்றக் கொடுத்துவிட்டு வந்தேன். இடையில் ஞாயிறு, அதன் பின் பூஜை விடுமுறை. எண் மாறிய பிறகுதான் வவுச்சர், அதன் பிறகுதான் பதிவு என்றார்கள். ஆக வண்டி அடுத்த வாரம்தான் வருகிறது.

வீட்டுக்காரர் மட்டும் இன்னும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருக்கிறார். 18,760 ரூபாய் குறைத்துக்கொண்டு வந்திருக்கிறேன் என்றால், "முப்பதாயிரம் வருவதாக இருந்ததே, அதைக் கெடுத்துவிட்டாயே" என்கிறார். தில்லிக் கதையை இரண்டு தடவை சொல்லிவிட்டேன்.

நேற்று முன்தினம் பூஜையில் கிரைண்டருக்குப் பொட்டு வைத்தேன், டிரேக்களுக்கு வைத்தேன். வாசலில் அந்த மொபெட் நின்றது. இன்னும் ஒரு வாரம் அதுதானே என்னைப் பாலம் ஏற்ற வேண்டும், அதற்கும் ஒரு முழம் பூச் சுற்றினேன்.